நுண்செயலியின் மொழியும் நம் இலக்கணக் கல்வியும்

கேமரன் மலையில் ஜே. ஏ. ரசல் 1929ஆம் ஆண்டு போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கினார். அம்மலைக்காடு தோட்டமானதில் தமிழ்த் தொழிலாளரின் உழைப்புக்குப் பெரும்பங்கு உண்டு. 1972இல் இண்டெல் நிறுவனம் தன் முதல் அயல்நாட்டுத் தொழிற்சாலையைப் பினாங்கில் நிறுவியது. தோட்டத் தொழிலை நம்பியிருந்த நாடு மின்னணுத் தொழிலின் பக்கம் திரும்பிய காலம் அது. தோட்டத்தில் பிறந்த தலைமுறைக்கும் புதிய கல்வி தேவைப்பட்டது. அதில் ஒரு பகுதி நுண்செயலியின் மொழி.

இண்டெலின் 8085 நுண்செயலி 1976இல் வந்தது. அதனை விளக்கி ரமேஷ் கோன்கர் எழுதிய நூல் 1984இல் வெளியாகி, இந்தியப் பொறியியல் கல்லூரிகளில் பல்லாண்டுகள் பாடநூலாக விளங்கியது. பொறியின் அமைப்பையும் அதற்கான கட்டளைகளையும் சேர்த்தே கற்பிப்பது அதன் சிறப்பு. மாணவர் கட்டளையை எழுதி, அதற்குரிய எண்ணைத் தாமே கண்டறிந்து, பயிற்சிப் பலகையில் உள்ளிடுவர்.

அக்கட்டளைகளை நாம் மொழியியல் நோக்கில் பார்ப்போம். ‘மூவ் ஏ, பி’ என்பது பி என்னும் பதிவகத்தில் உள்ளதை ஏ என்னும் பதிவகத்தில் இடச் சொல்லும் கட்டளை. இதன் இரும வடிவம் 01111000. இதனைப் பகுபதம்போல் பிரிக்கலாம்: 01 வினையையும், 111 சேரிடமாகிய ஏ-யையும், 000 மூலமாகிய பி-யையும் குறிக்கும். பெயர்களை இடம் மாற்றினால் 01000111 ஆகிப் பொருளும் தலைகீழாகும். தமிழில் வேற்றுமை உருபு இருப்பதால் சொற்களை முன்பின்னாக வைத்தாலும் பொருள் பெரிதும் மாறாது. பொறிக்கோ இடமே வேற்றுமை. மேலும், ‘மூவ்’ என்றால் நகர்த்துதல் என்று பொருள்படினும் பி-யில் இருந்தது அங்கேயே இருக்கும். எனவே ‘நகர்த்து’ என்பதைவிடப் ‘படியெடு’ என்பதே செயலை உள்ளபடி உணர்த்தும் சொல்.

மலேசியத் தமிழ்ப்பள்ளிக் கல்வி ஆறாம் ஆண்டோடு நிறைவுறுகிறது. இடைநிலைப்பள்ளியில் தமிழ் ஒரு பாடம் மட்டுமே. பின்னாளில் இத்தகைய கட்டளைகளைச் சந்திக்கும் மாணவர், பள்ளியில் தாம் படித்த இலக்கணத்தோடு அவற்றுக்குள்ள உறவை அறியாமலே மனப்பாடம் செய்ய நேர்கிறது. சொல்லைப் பகுதி விகுதியாகப் பிரிக்கத் தெரிந்த பிள்ளைக்கு எட்டு இரும இலக்கங்களைப் பிரித்தறிவது கடினமன்று. அவ்வுறவை வகுப்பில் எடுத்துக்காட்டுவது ஆசிரியர் கடமை; அதற்கு ஒரு கட்டளையும் ஒரு கரும்பலகையும் போதும்.