பரங்கிமலைக் காவலும் பணியிடை நீக்கமும்

தாம்பரத்திலோ பல்லாவரத்திலோ ஓர் அலுவலர் லஞ்சம் வாங்கிப் பிடிபட்டால், 'சஸ்பெண்ட் பண்ணிட்டாங்களா?' என்பதுதான் மக்கள் கேட்கும் முதல் கேள்வி. ஆம் என்ற பதில் வந்துவிட்டால் விவகாரம் முடிந்துவிட்டதாகவே பலரும் நினைத்துக்கொள்கிறார்கள். சட்டத்தின் கண்ணில் அது தண்டனையே அல்ல; விசாரணை முடியும்வரை ஒருவரை நாற்காலியிலிருந்து விலக்கிவைக்கும் ஏற்பாடு மட்டுமே. விசாரணையும் காலவரம்பும் பின்தொடராவிட்டால், அந்த ஏற்பாடு யார் கையில் இருக்கிறதோ அவருக்கே பயன்படும். இதற்கான பழைய சான்று சென்னையின் இந்தப் புறநகரிலேயே, பரங்கிமலையில் இருக்கிறது.

1776-இல் சென்னை கவர்னராக இருந்தவர் பிகாட் பிரபு. ஆற்காட்டு நவாப் முகமது அலி வசமிருந்த தஞ்சையை லண்டன் உத்தரவுப்படி மன்னர் துளஜாவிடம் திருப்பிக் கொடுத்தார். கிழக்கிந்தியக் கம்பெனி ஊழியரான பால் பென்ஃபீல்டோ, நவாபுக்கும் தஞ்சைவாசிகளுக்கும் கொடுத்த கடன்களுக்காகத் தஞ்சையில் தனக்கு இரண்டு லட்சம் பவுனுக்கும் மேல் பாத்தியதை உண்டு என்றார். கவர்னரின் கவுன்சிலில் பெரும்பான்மை பென்ஃபீல்டு பக்கம் சாய்ந்தது. ஆகஸ்ட் 22-இல் பிகாட் எதிரணியைச் சேர்ந்த ஸ்ட்ராட்டன், புரூக் இருவரையும் இடைநீக்கம் செய்தார். எதிரணியோ கவர்னரின் அதிகாரத்தையே பறித்து, 24-ஆம் தேதி அவரைக் கைதுசெய்து பரங்கிமலையில் காவலில் வைத்தது. மறு ஆண்டு மே மாதம், அவரை மீண்டும் பதவியில் அமர்த்தும் லண்டன் உத்தரவு வந்து சேருமுன், காவலிலேயே அவர் இறந்தார். 1780-இல் எதிரணியினர் நால்வருக்கு லண்டன் நீதிமன்றம் ஆளுக்கு ஆயிரம் பவுன் அபராதம் விதித்தது. பிகாட்டும் இதற்குமுன் ஒருமுறை கவர்னராக இருந்தபோது பெரும் செல்வம் சேர்த்தவர்தான். ஆகவே யார் நல்லவர் என்று தேடிப் பயனில்லை. விவகாரத்தில் சம்பந்தப்பட்டவர்களே ஒருவரையொருவர் நீக்கிக்கொண்டார்கள், தடுக்க நடுவர் யாரும் அருகில் இல்லை என்பதே கவனிக்க வேண்டியது.

1850-இல் வந்த அரசு ஊழியர் விசாரணைச் சட்டம் குற்றச்சாட்டை எழுத்தில் தர வேண்டும் என்றது. ஆனால் விசாரணையின்றி இடைநீக்கம் செய்யும் அரசின் அதிகாரத்தைத் தொடாமல் விட்டது. இன்று தமிழக அரசு ஊழியரைக் கட்டுப்படுத்துவது 1955-ஆம் ஆண்டின் ஒழுங்கு, மேல்முறையீட்டு விதிகள். 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தாலே பணியிடை நீக்கம் ஆனதாகக் கொள்ளும் விதி அதில் உண்டு. அந்த நீக்கம் எப்போது முடியும் என்ற கேள்விக்குப் பதில் சொன்னவை நீதிமன்றங்களே. குற்றச்சாட்டுக் குறிப்பாணை தராமல் மூன்று மாதத்துக்கு மேல் நீட்டக்கூடாது என்று 2015-இல் அஜய் குமார் சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது.

ஊழல் செய்தவரை மறுபடி நாற்காலியில் உட்கார வைத்தால் சாட்சிகளை மிரட்ட மாட்டாரா, கோப்பைத் திருத்த மாட்டாரா என்று கேட்பார்கள். நியாயமான அச்சம்தான். தமிழகக் காவல் உயரதிகாரி ஒருவரின் பணியிடை நீக்கம் ஆறு ஆண்டுகளைத் தாண்டிய வழக்கில், 2018-இல் உச்ச நீதிமன்றம் அதற்கு விடை சொன்னது: முக்கியத்துவமில்லாத பணியிடம் ஒன்றைக் கொடுக்கலாம். கோப்பிலிருந்து விலக்கினால் போதும், ஆளை வீட்டில் உட்கார வைக்க வேண்டியதில்லை. வேலையே செய்யாதவருக்கு மக்கள் பணத்தில் பிழைப்பூதியம் எதற்கு என்பது அடுத்த கேள்வி. கீழ் நீதிமன்றம் தண்டித்தபின், மேல்முறையீட்டுக் காலத்தில் மாதம் ஒரு ரூபாய் மட்டும் தரும் விதி மகாராஷ்டிரத்தில் இருந்தது. 1983-இல் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. கையில் காசில்லாதவர் தன் தரப்பை எப்படி வாதிடுவார்? வீண் செலவு உறுத்துகிறதென்றால் விசாரணையை விரைவுபடுத்துவதே வழி.

ஐந்து நகராட்சிகளும் ஐந்து பேரூராட்சிகளும் இணைந்து 2021 நவம்பரில் தாம்பரம் மாநகராட்சி ஆனது. கட்டட அனுமதியும் வரி விதிப்பும் பெருகும் இடத்தில் லஞ்சப் புகாரும் பெருக வாய்ப்புண்டு. அப்போது எத்தனை பேரை சஸ்பெண்ட் செய்தார்கள் என்ற கணக்கு நிர்வாகத்தின் நேர்மையைக் காட்டாது. குறிப்பாணை எத்தனை நாளில் போனது, விசாரணை எப்போது முடிந்தது என்று கேட்கப் பழக வேண்டும். குற்றவாளி உண்மையில் அஞ்சுவதும் அந்தக் கேள்விக்குத்தான்.