வெறும் பாலை என்று சொல்லாதீர்கள்
(தஸ்ஸிலி மலையின் கதை)

சகாரா என்றவுடனே எங்கட ஆக்களுக்கு மணலும் ஒட்டகமும்தான் ஞாபகம் வரும். கலண்டர் படத்திலும் சினிமாவிலும் அதைத்தான் காட்டுகிறார்கள். உண்மையில் சகாராவில் மணல் மூடிக் கிடப்பது நாலில் ஒரு பங்குதான். மிச்சமெல்லாம் கல்லுத் தரையும் மலையும். அந்த மலைகளில் ஒன்றைப் பற்றி இந்தப் புத்தாண்டு மலரில் எழுதலாம் என்று நினைத்தேன்.

நான் சரித்திரம் படித்துப் பட்டம் எடுத்தவன் அல்ல. ஏ.எல். சோதனையோடு என் படிப்பு நின்றுவிட்டது. இப்போது தொழிற்சாலையில் இரவு வேலை. எனக்குப் பக்கத்து மெசினில் நிற்பவர் அல்ஜீரியாக்காரர். "எங்கட நாட்டில் முக்கால்வாசிக்கு மேல் பாலைவனம், ஆனால் அது வெறும் இடம் இல்லை, தம்பி" என்று அவர் ஒருநாள் சொன்னார். அதன் பிறகு லீவு நாட்களில் நூலகத்தில் தேடி வாசித்தவற்றைத்தான் இங்கே தருகிறேன்.

அல்ஜீரியாவின் தென்கிழக்கு மூலையில், லிபியா, நைஜர் எல்லைகளை ஒட்டி, தஸ்ஸிலி நஜ்ஜேர் என்ற மேட்டுநிலம் இருக்கிறது. அங்கே உள்ள தேசியப் பூங்கா மட்டும் 72,000 சதுர கிலோமீற்றர். முழு இலங்கையையும் விடப் பெரிது. அங்கு வாழும் துவாரெக் மக்களின் மொழியில் அந்தப் பெயருக்கு 'ஆறுகளின் மேட்டுநிலம்' என்று பொருள் சொல்வார்கள். ஆனால் இன்று அங்கே ஓடுகிற ஆறு ஒன்றும் இல்லை. மலையடிவாரத்தில் உள்ள ஜானெத் என்ற ஊரில் வருசத்துக்கு 20 மில்லிமீற்றர் மழைகூடப் பெய்வதில்லை. அப்படியானால் பெயரில் மட்டும் ஆறு எப்படி வந்தது?

பூமி பம்பரம் மாதிரித் தலையாட்டிக்கொண்டுதான் சுற்றுகிறது. ஒருமுறை ஆட்டி முடிய 20,000 வருசத்துக்கு மேல் எடுக்கும். ஏறத்தாழ 11,000 ஆண்டுகளுக்கு முன்னர் வட பாதியின் கோடை வெயில் இன்றையதிலும் கடுமையாக இருந்தது. சூடேறிய தரை கடல் காற்றை இழுக்கும். நாங்கள் சோளகம் என்று சொல்கிற காற்றும் இந்த விதமாகத்தான் வருகிறது. அந்தக் காலத்தில் ஆபிரிக்காவின் மழைக்காற்று வெகுதூரம் வடக்கே ஏறி, சகாராவுக்குள் கொட்டியது. இன்று சுருங்கிக் கிடக்கும் சாட் ஏரி அன்று கஸ்பியன் கடலளவுக்கு இருந்தது. தஸ்ஸிலியில் ஆறு ஓடியது. புல் வளர்ந்தது. நீர்யானையும் யானையும் திரிந்தன.

இதற்கெல்லாம் சாட்சி அந்த மலைதான். தஸ்ஸிலியின் மணற்கல்லை மழையும் காற்றும் குடைந்து, வீட்டுத் தாழ்வாரம் போன்ற குகைகளை ஆக்கி வைத்திருக்கின்றன. அந்தச் சுவர்களில் 15,000க்கும் மேற்பட்ட ஓவியங்களும் செதுக்கல்களும் உண்டு. முந்தியவற்றில் காட்டு விலங்குகள். அதற்குப் பிறகு மந்தை மந்தையாக மாடுகள், மேய்ப்பவர்கள், குடிசை, பெண்கள், பிள்ளைகள். சுமார் 3,000 ஆண்டுகளுக்கு முன் குதிரையும் வண்டியும் வருகின்றன. சுமார் 2,000 ஆண்டுகளுக்கு முன் ஒட்டகம் வருகிறது. யானை, மாடு, குதிரை, ஒட்டகம் என்ற அந்த வரிசையைப் பார்த்தாலே தண்ணீர் எப்படிக் குறைந்துகொண்டு போனது என்று விளங்கிவிடும்.

எல்லையைத் தாண்டினால் லிபியாப் பக்கம் அகாகுஸ் மலை. அங்கே தகர்கோரி என்ற இடத்தில் கிடைத்த பானை ஓடுகளை ஆராய்ந்து, 7,000 ஆண்டுகளுக்கு முன்பே அந்தச் சனம் பால் காய்ச்சியது என்று 2012இல் கண்டுபிடித்தார்கள். ஓட்டில் ஊறிய கொழுப்பு அவ்வளவு காலம் இருந்திருக்கிறது! அதே இடத்தில் புதைக்கப்பட்டிருந்த இரண்டு பெண்களின் மரபணுவைப் பற்றிய ஆய்வு 2025இல் வெளிவந்தது. அவர்கள் வேறெங்கிருந்தோ வந்து குடியேறியவர்கள் அல்லர். நெடுங்காலம் தனித்து வாழ்ந்த வட ஆபிரிக்க வம்சத்தினர். அதாவது, மாடு வளர்க்கும் தொழிலை மற்றவர்களிடம் பழகிக்கொண்ட சொந்த மண்ணின் ஆக்கள்.

ஏறத்தாழ 5,000 ஆண்டுகளுக்கு முன் மழைக்காற்று தெற்கே திரும்பிவிட்டது. ஒரே நாளில் அல்ல, தலைமுறை தலைமுறையாக. ஜானெத்துக்குக் கிட்ட ஒரு பாறையில் கண்ணீர் விடும் மாடுகளைச் செதுக்கியிருக்கிறார்கள். மாடுகளைத் தண்ணீருக்குக் கூட்டி வந்த மேய்ப்பன் ஒருவன், குளம் வற்றிக் கிடக்கக் கண்டு அதைச் செதுக்கினான் என்று அங்கே கதை சொல்வார்கள். கதை எப்படியோ, தண்ணீர் போன பிறகு சனமும் கிளம்பியது. சிலர் கிழக்கே நைல் நதிப் பக்கம் போனார்கள். சிலர் தெற்கே புல்வெளிகளுக்குப் போனார்கள்.

பாலைக்கென்று சொந்த நிலம் கிடையாது, முல்லையும் குறிஞ்சியும் காய்ந்து தம் இயல்பு கெட்டால் அதுதான் பாலை என்று பள்ளிக்கூடத்தில் படித்தோம். சிலப்பதிகாரத்தில் வரும் கருத்து அது. பாலைக்கு உரிய பொருள் பிரிவு என்றும் படித்தோம். சோதனைக்காகப் பாடமாக்கிய விசயம், சகாராவைப் பற்றி வாசித்தபோதுதான் எனக்கு முழுதாக விளங்கியது.

எல்லாரும் போய்விடவில்லை. கொஞ்சப் பேர் மலைக்குள் தஞ்சம் புகுந்தார்கள். மனிதர் மட்டுமல்ல. பாறை இடுக்கில் வற்றாமல் நிற்கும் கிடங்குகளில் இன்றும் மீன் உண்டு. 1920கள் வரை தஸ்ஸிலியில் முதலைகூட இருந்தது. தாரூத் என்று துவாரெக் மக்கள் சொல்லும் ஒரு வகை சைப்பிரஸ் மரம் உலகத்திலேயே அங்கே மட்டும்தான் காட்டில் நிற்கிறது. மிஞ்சியவை 230 மரம் அளவில். சிலவற்றின் வயது 2,000 ஆண்டுக்கு மேல் என்று மதிப்பிடுகிறார்கள். இந்த மரத்தின் விதைக்குள் இருக்கும் கரு மகரந்தத்திலிருந்து மட்டும் உண்டாகிறது, தாய் மரம் வளர்ப்புத் தாய் மாதிரித்தான் என்று 2001இல் பிரெஞ்சு ஆய்வாளர்கள் காட்டினார்கள். ஐரோப்பாவில் சாதாரணமாக நிற்கும் சைப்பிரஸ் மரத்தில் அந்த மகரந்தத்தை இட்டாலும் தஸ்ஸிலிக் கன்றே முளைக்கிறதாம். பிற தேசத்தில் பிள்ளை வளர்க்கும் எங்களுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை.

இந்த ஓவியங்களை உலகத்துக்குப் பெரிதாக அறிவித்தவர் ஆன்றி லோத் என்ற பிரெஞ்சுக்காரர். 1956இல் ஓவியர்களோடு போய்ப் பிரதி எடுத்து வந்து பாரிசில் காட்சிக்கு வைத்தார். பெரும் புகழ் கிடைத்தது. ஆனால் இடங்களைக் காட்டிக் கூட்டிக்கொண்டு போனவர் ஜெப்ரின் என்ற துவாரெக் வழிகாட்டி. அவர் பெயர் எத்தனை பேருக்குத் தெரியும்? நிறம் எடுப்பாகத் தெரிய வேண்டும் என்று ஓவியங்களை நனைத்துத் துடைத்ததால் பல மங்கியும் போயின. 1982இல் யுனெஸ்கோ தஸ்ஸிலியை உலக மரபுச் சொத்தாக அறிவித்தது.

'வெறும் இடம்' என்ற எண்ணம் செய்த கேடு இதிலும் பெரிது. பிரெஞ்சுப் படை வந்தபோது எதிர்த்து நின்ற ஜானெத் தலைவர் ஷேக் அமூத், கடைசியில் லிபியாவில் அகதியாக இறந்தார். பக்கத்து ஹொகார் மலையில், 1961 முதல் 1966 வரை, பிரான்ஸ் 13 அணுகுண்டுகளை நிலத்துக்கடியில் வெடித்துப் பார்த்தது. 1962 மே 1இல் மலை வெடித்து நச்சுப் புகை வெளியே வந்தது. பார்க்க வந்த அமைச்சர்களும் ஓடினார்கள். அந்த மலைச்சனம் எங்கே ஓடுவது? புதிய நாடுகள் பிறந்தபோது துவாரெக் மக்கள் அல்ஜீரியா, லிபியா, நைஜர், மாலி, புர்கினா பாசோ என்று ஐந்து நாடுகளில் பிரிந்து கிடந்தார்கள்.

இருந்தும் அவர்கள் தங்கள் பேச்சையும், திபினாக் என்ற எழுத்தையும் விடவில்லை. ஜானெத்தில் இஸ்லாமிய ஆண்டின் முதல் மாதம் செபீபா என்ற விழா பத்து நாள் நடக்கும். இரண்டு ஊர்ப் பகுதியார் போர் உடுப்போடு வட்டமாக நின்று வாளைக் குலுக்குவார்கள். பெண்கள் பறை தட்டிப் பாடுவார்கள். வெட்டுக்குத்து இல்லை. சண்டையை ஆட்டமாக்கிப் போட்டியாக்கித் தீர்த்துவிடுகிறார்கள். 2014இல் அதையும் யுனெஸ்கோ தன் மரபுப் பட்டியலில் சேர்த்தது. வருசம் பிறக்கும்போது சண்டையை ஆடிக் கழித்துவிட வேண்டும் என்ற அந்தப் பழக்கம் எனக்கு நல்லாகப் பிடித்திருக்கிறது.

உங்கள் பிள்ளைகளுக்கு உலகப் படத்தை விரித்துக் காட்டும்போது, அந்த மஞ்சள் நிறப் பகுதியை வெறும் பாலை என்று சொல்லிவிட்டுப் போகாதீர்கள். அங்கே ஆறு ஓடியது, மாடு மேய்ந்தது, சனம் பால் காய்ச்சியது என்றும் சொல்லுங்கள். ஆளில்லாத இடம் என்று பிறர் சொல்லும் ஊர்களிலிருந்து வந்தவர்கள் நாங்கள். இதை நாங்கள் சொல்லாமல் வேறு யார் சொல்வது?

அனைவருக்கும் இனிய சித்திரைப் புத்தாண்டு வாழ்த்துக்கள்.