பணிக்கொடைப் பறிமுதல்: ஒரு வரம்புரையின் மறுவாசிப்பு

ஒழுக்கக்கேடு சார்ந்த குற்றத்தைக் காட்டி ஒருவரின் பணிக்கொடையைப் பறிக்கக் குற்றவியல் நீதிமன்றத் தண்டனை தேவையா? அண்மை ஆய்வுகள் இந்தக் கேள்வியையே சுற்றி வருகின்றன. 2018இல் யூனியன் வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றம் தேவை என்றது. 2025 பிப்ரவரியில் வெஸ்டர்ன் கோல்ஃபீல்ட்ஸ் வழக்கில் தேவையில்லை என்றது. துறை விசாரணையில் மெய்ப்பிக்கப்பட்ட செயல் குற்றத்தன்மை உடையதாக இருந்தால் போதும். இந்த இரண்டாம் நிலைப்பாடு சட்டச் சொற்களுக்கு நெருக்கமானது என்பதை ஏற்கிறேன். சட்டம் 'குற்றமாக அமையும் செயல்' என்கிறதே தவிர, தண்டனையைக் குறிப்பிடவில்லை.

ஆனால் 1972ஆம் ஆண்டுப் பணிக்கொடை வழங்கல் சட்டத்தின் 4(6) பிரிவு அங்கே முடிந்துவிடவில்லை. அக்குற்றம் பணியின்போது புரியப்பட்டிருக்க வேண்டும் என்ற வரம்புரை அதைத் தொடர்கிறது. தண்டனை பற்றிய வாதத்தில் இது கவனம் பெறாமல் போயிற்று.

2025 தீர்ப்பில் ஒன்றாக முடிவான வழக்குகளை அடுத்தடுத்து வைத்துப் பார்க்கலாம். நிலக்கரி நிறுவன ஊழியர் பொய்யான பிறந்த தேதிச் சான்றைக் காட்டி வேலையில் சேர்ந்தவர். அவர் முழுப் பணிக்கொடையையும் இழந்தார். மகாராஷ்டிர அரசுப் போக்குவரத்துக் கழக நடத்துநர்கள் வசூலித்த கட்டணத்தைக் கையாடியவர்கள். அவர்களுக்குப் பறிமுதல் 25 விழுக்காட்டோடு நின்றது. பையில் பயணச்சீட்டும் கையில் காசுமாகப் பேருந்தில் நின்றபோது நடந்த கையாடல் பணியின்போது நடந்ததே, அதில் ஐயமில்லை. போலிச் சான்றோ வேலைக்கு முன்பே, வேலையைப் பெறுவதற்காகக் காட்டப்பட்டது. வரம்புரைக்குள் அடங்குவோர் முக்கால் பங்கைக் காத்துக்கொள்ள, அடங்காதவர் அனைத்தையும் இழக்கிறார். தொகை சிறிது, மோசடி பெரிது என்ற அளவீடு இதை விளக்கலாம். சட்டச் சொற்கள் விளக்கவில்லை.

நியமனமே சட்டவிரோதம், ஆகவே அதன் பலனைக் கோர முடியாது என்பதே அம்முடிவுக்கு அடியில் ஓடும் தர்க்கம். என் கருத்து வேறுபாடு இங்கேதான். நியமனம் செல்லாது என்றால் 4(6) பிரிவுக்கே அங்கு வேலையில்லை. அப்பிரிவின் பெயரால் பறிக்கவும் முடியாது. செல்லும் என்றால் வரம்புரை குறுக்கே நிற்கிறது. இரண்டையும் ஒருசேரப் பிடித்துக்கொள்ள இயலாது. மேலும், 2ஆம் பிரிவு தரும் 'ஊழியர்' வரையறை கூலிக்கு அமர்த்தப்பட்டவரைப் பற்றியது. நியமனம் பெற்ற வழியை அது கேட்பதில்லை. நிலக்கரி வெட்டிய ஆண்டுகள் பொய்ச் சான்றால் நடக்காதவையாகிவிடா.

பொய்ச் சான்றோடு வேலையில் நீடித்ததே தொடர் மோசடிதானே என்று கேட்கலாம். அப்படிக் கொண்டால் நுழைவில் செய்த எந்தத் தவறும் பணியின்போது செய்ததாகிவிடும். வரம்புரை வெற்றுச் சொல்லாகும். இதற்கு மேல் அவ்வாதத்துக்கு இடமளிக்கத் தேவையில்லை.

வரம்புரையைக் கண்டுகொள்ளாத நீதிமன்ற வாசிப்பு ஓய்வுபெற்றவர்களையே கடுமையாகத் தொடும். மகாநதி கோல்ஃபீல்ட்ஸ் வழக்கில் (2020) மூவர் அமர்வின் பெரும்பான்மை, பணி விதிகள் இடமளித்தால் ஓய்வுக்குப் பின்னும் விசாரணையைத் தொடர்ந்து பணிநீக்கம் செய்யலாம், அதுவரை பணிக்கொடையை நிறுத்தி வைக்கலாம் என்றது. அதனால் இளமையில் காட்டிய ஒரு சான்றிதழ், வேறு வருமானம் தேட இயலாத வயதில் முழுத் தொகையையும் பறிக்கக்கூடும். 1972ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பதிலாக 2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்த 2020ஆம் ஆண்டுச் சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பும் இதே வரம்புரையைத் தாங்கியிருக்கிறது. ஆகவே பணிக்கொடைக் கோரிக்கையை விசாரிக்கும் அதிகாரி, குற்றத்தின் தன்மையை எடைபோடும் முன் அது நிகழ்ந்த நாளைக் கேட்டாக வேண்டும்.