ஆமைக் கணக்கு எழுதிய விஜயா

சென்ற வாரம் வடநெம்மேலியில் நிறுத்தியிருந்தோம். கோவளத்துக்கும் மாமல்லபுரத்துக்கும் நடுவே கடலை ஒட்டிய மணல்வெளியில், 1976-இல் ரோமுலஸ் விட்டேக்கரும் நண்பர்களும் முதலைப் பண்ணை தொடங்கிய கதை அது. அந்தப் பண்ணைக்கு வருகிறவர்கள் இன்றும் முதலையைப் பார்த்துவிட்டுத்தான் மற்றதைப் பார்க்கிறார்கள். ஆமைகள் பக்கம் கொஞ்ச நேரம் நிற்கிறவர்கள் குறைவு. அந்த ஆமைகளுக்காகவே தன் இளமை முழுவதையும் கொடுத்த ஒரு பெண்ணைப் பற்றி அறிந்தவர்கள் அதைவிடக் குறைவு. அவர் பெயர் ஜே. விஜயா. நண்பர்களுக்கு விஜி. இந்தியாவின் முதல் பெண் ஊர்வன ஆய்வாளர் என்று குறிப்பிடப்படுபவர்.

விஜயா பிறந்தது 1959-இல். சென்னை எத்திராஜ் மகளிர் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தபோதே, 1978 வாக்கில், கிண்டி பாம்புப் பண்ணைக்குத் தன்னார்வலராகப் போகத் தொடங்கினார். பட்டம் வாங்கிய பிறகு அதுவே அவருக்கு முழுநேர வேலை ஆயிற்று. விலங்கியல் படித்த பெண் என்றால் பள்ளிக்கூடத்தில் டீச்சர் வேலைக்குப் போவாள் என்று வீட்டார் எதிர்பார்த்த காலம் அது. விஜி சேற்றிலும் மணலிலும் இறங்கினார்.

அவர் வந்து சேர்ந்த குழு, சென்னைக்குத் தெற்கே உள்ள கடற்கரையில் இரவு நேரங்களில் ஏற்கெனவே நடந்து பழகியிருந்தது. 1970-களின் தொடக்கத்தில் ஆரம்பித்த அந்த நடை பங்குனி ஆமைக்காக. தை பிறந்தால் இந்த ஆமை கரையேறத் தொடங்கும். பங்குனி வரை வரும். பெண் ஆமை பின்னங்கால்களால் குழி தோண்டி நூறு முட்டைக்கு மேலும் இடும். மணலை மூடிவிட்டுக் கடலுக்குத் திரும்பும். அதன்பின் அந்தப் பக்கம் எட்டிப் பார்க்காது. நாயும் நரியும் மனிதனும் விட்டுவைத்தால், 45 முதல் 60 நாளில் குஞ்சுகள் வெளிவரும். நாய்க்கும் ஆளுக்கும் முந்திக்கொண்டு முட்டைகளை எடுத்து, வேலி போட்ட மணலில் புதைத்துப் பொரிக்க வைப்பதுதான் அந்த இரவு நடையின் வேலை.

நம் கடலில் பங்குனி ஆமையோடு பேராமை, அழுங்காமை, ஏழுவரி ஆமை, பெருந்தலை ஆமை என்று ஐந்து வகை உண்டு. கரையை விட்டு மேற்கே கருங்குழி, மதுராந்தகம் பக்கம் போனால் ஏரிகளில் பாலாமையும் காராமையும். விஜிக்குக் கடல், ஏரி, காடு என்ற பாகுபாடு கிடையாது. ஆமை எங்கே இருக்கிறதோ அங்கே போவார். ஆமையைப் பிடித்து விற்கிற இடங்களுக்கும் போனார்.

அப்படிப் போன இடங்களில் ஒன்று மேற்கு வங்கத்தின் திகா கடற்கரை. ஒடிசாவின் கஹிர்மாதாவில் பங்குனி ஆமைகள் லட்சக்கணக்கில் கூடி முட்டையிடுவது, 1974-இல்தான் ஆய்வுலகத்துக்குத் தெரிய வந்தது. வியாபாரிகள் அதற்கு முன்பே அறிந்திருந்தார்கள். கடலில் அள்ளப்பட்ட ஆமைகள் வங்காளச் சந்தைகளுக்குக் கறியாகப் போயின. 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இருந்தது. அதன் முதல் அட்டவணையில், புலிக்குச் சமமான பாதுகாப்போடு, பங்குனி ஆமையும் இருந்தது. கரையில் குவிந்து கிடந்த ஆமைகளுக்கு அந்தச் சட்டம் எட்டவில்லை.

விஜி அதை நேரில் பார்த்துப் பதிவு செய்தார். 1982-இல் இந்தியா டுடே இதழில் படங்களோடு செய்தி வெளிவந்தது. பிரதமர் இந்திரா காந்தி தலையிட்டார். தொடங்கிச் சில ஆண்டுகளே ஆகியிருந்த கடலோரக் காவல் படைக்கு ஆமைகளைக் காக்கும் பொறுப்பு வந்தது. ஆமைப் பருவத்தில் ஒடிசா கடலில் அந்தப் படையின் ரோந்து இன்றுவரை நடக்கிறது. அப்போது விஜிக்கு வயது 23.

அதே 1982-இல் இன்னொன்றும் நடந்தது. சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்த ஜே. ஆர். ஹெண்டர்சன், கொச்சி சமஸ்தானத்துக் காட்டில் கிடைத்த ஒரு சிறிய ஆமையைப் பற்றி 1912-இல் எழுதியிருந்தார். உள்ளங்கையைவிடச் சற்றே பெரியது. தண்ணீரை நாடாமல், சருகுக்கடியில் வாழும் காட்டாமை. அதன்பின் எழுபது ஆண்டுகள் எந்த ஆய்வாளர் கண்ணிலும் படவில்லை. விஜி கேரளத்துக் காட்டுக்குப் போனார். அந்தக் காட்டையே வீடாகக் கொண்ட காடர் மக்களிடம் கேட்டார். ஆய்வாளர்கள் தொலைத்த ஆமை அவர்களுக்குத் தெரிந்த ஆமைதான். அவர்கள் தேடித் தந்தார்கள். அதன் நடமாட்டத்தை அறிய, விஜி காட்டுக்குள்ளேயே குகையில் தங்கி ஆய்வு செய்தார்.

1987-இல் விஜி மறைந்தார். முப்பது வயதைக்கூட அவர் எட்டவில்லை. ஆய்வுலகம் அவருக்கு நன்றி சொல்ல மேலும் 19 ஆண்டுகள் ஆயின. மரபணுக்களை ஒப்பிட்ட பீட்டர் பிராஷாக்கும் சக ஆய்வாளர்களும், அந்தக் காட்டாமை வேறெந்த இனத்தோடும் சேராத தனிப் பேரினம் என்று 2006-இல் கண்டார்கள். அதற்கு விஜயாகெலிஸ் என்று பெயர் வைத்தார்கள்.

விஜி விட்டுச் சென்ற பாடம் எளிமையானது. சட்டம் புத்தகத்தில் இருந்தால் போதாது. மீறல் நடக்கும் இடத்துக்கு ஒருவர் போய், பார்த்து, எண்ணி, எழுதி வைக்க வேண்டும். அந்த வேலை இன்னும் முடியவில்லை. 2025 ஜனவரியில் சென்னை, செங்கல்பட்டுக் கடற்கரைகளில் பங்குனி ஆமைகள் நூற்றுக்கணக்கில் செத்து ஒதுங்கின. கடலாமை மூச்சு வாங்க மேலே வந்தாக வேண்டும். இழுவைமடியில் சிக்கினால் மூச்சுத் திணறிச் சாகும். கரையிலிருந்து 5 கடல் மைலுக்குள் விசைப்படகுகள் இழுவைமடி போடக் கூடாது என்று விதி இருக்கிறது. வலையில் ஆமை தப்பிக்க வழிவிடும் கருவியும் இருக்கிறது. இரண்டையும் நடைமுறைப்படுத்துவதில்தான் குறை.

தை, மாசியில் மாமல்லபுரம் பக்கம் போகிறவர்கள் கரையில் செத்த ஆமையைக் கண்டால், படம் எடுத்து, இடமும் தேதியும் குறித்து, வனத்துறைக்குத் தெரிவியுங்கள். விஜி செய்ததும் அதுதான்.

அடுத்த வாரம்: லட்சத்தீவின் ஆளில்லாத் தீவில் மழைக்காலத்தைத் தனியாகக் கழித்து ஆமைகளை எண்ணிய சதீஷ் பாஸ்கர்.