லேன் மாறும்போது சைடு மிரரில் எரியும் ஆரஞ்சு விளக்கு: எப்படி வேலை செய்கிறது? சிவகாசி ரோட்டில் எவ்வளவு நம்பலாம்?

தீபாவளிக்கு முந்தைய வாரங்களில் பட்டாசு வாங்க மதுரையிலிருந்து சிவகாசிக்கு காரில் போனவர்களுக்கு இந்தக் காட்சி பழக்கமானதுதான். திருமங்கலம் தாண்டி நான்குவழிச் சாலை. முன்னால் வலது லேனை விடாமல் பிடித்துக்கொண்டு ஒரு லாரி. ஹாரன் அடித்தும் வழி விடுவதாக இல்லை. சரி, இடது பக்கமாகவே ஏறிப் போய்விடலாம் என்று ஸ்டீயரிங்கைத் திருப்பப் போகும் நேரத்தில், இடது சைடு மிரரின் ஓரத்தில் ஒரு சின்ன ஆரஞ்சு விளக்கு எரிகிறது. இண்டிகேட்டர் போட்டதும் அது படபடவென்று மின்னி, கூடவே 'பீப் பீப்' சத்தமும் வருகிறது. திரும்பிப் பார்த்தால், பின் கதவுக்குப் பக்கத்தில் ஒரு பைக். மிரரில் தெரியவே இல்லை!

இதைத்தான் லேன் மாற்ற உதவி அமைப்பு என்கிறார்கள். சில வருடங்களுக்கு முன்புவரை சொகுசு கார்களில் மட்டும் இருந்த வசதி. இந்தியாவில் 2020-ல் எம்ஜி குளோஸ்டர், 2021-ல் மஹிந்திரா எக்ஸ்யூவி700, 2022-ல் ஹூண்டாய் டூசான் என்று ஓட்டுநர் உதவித் தொழில்நுட்பங்கள், அதாவது 'அடாஸ்', ஒவ்வொன்றாக வரத் தொடங்கின. 2023-ல் வந்த டாடா ஹாரியர், சஃபாரி வசதிப் பட்டியலில் 'லேன் சேஞ்ச் அலர்ட்' என்ற பெயரே இருந்தது. இன்று நடுத்தர விலை எஸ்யூவி வாங்கப் போனாலும் ஷோரூமில் இதைச் சொல்லித்தான் விற்கிறார்கள். ஆனால் இது எதைப் பார்க்கும், எதைப் பார்க்காது என்று விளக்குபவர்கள் குறைவு.

ஒரே பேர், நாலு வேலை

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுவோம். 'லேன் அசிஸ்ட்' என்று பொதுவாகச் சொல்வதற்குள் நான்கு வெவ்வேறு வேலைகள் இருக்கின்றன. மிரரில் தெரியாத இடத்தில் வண்டி இருக்கிறதா என்று சொல்வது ஒன்று. இதுதான் பிளைண்ட் ஸ்பாட் எச்சரிக்கை. பக்கத்து லேனில் பின்னாலிருந்து வேகமாக வரும் வண்டியை முன்கூட்டியே சொல்வது இரண்டாவது. இதுதான் சரியான அர்த்தத்தில் லேன் மாற்ற எச்சரிக்கை. மூன்றாவது, இண்டிகேட்டர் போடாமல் கோட்டைத் தாண்டினால் எச்சரித்து, சில கார்களில் ஸ்டீயரிங்கையே லேசாகத் திருப்பிவிடுவது. நான்காவது, இண்டிகேட்டர் போட்டால் காரே லேன் மாறிக்கொள்வது. டெஸ்லா 2015-லும், மெர்சிடிஸ் பென்ஸ் 2016-ன் இ-கிளாஸிலும் கொண்டுவந்தது இந்த நான்காவது வகையை.

முதல் இரண்டும் பின்னால் பார்ப்பவை, பெரும்பாலும் ரேடாரை நம்பியவை. மூன்றாவது முன்னால் பார்ப்பது, கேமராவை நம்பியது. இந்த வித்தியாசம் தெரிந்தால் போதும், பாதி விஷயம் புரிந்துவிடும்.

பம்பருக்குள் ஒளிந்திருக்கும் ரேடார்

பின் பம்பரின் இரண்டு மூலையிலும், பிளாஸ்டிக்குக்கு உள்ளே, உள்ளங்கை அளவில் ஒரு பெட்டி இருக்கும். வெளியே தெரியாது. அதிலிருந்து 24 அல்லது 77 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் ரேடியோ அலைகள் போய்க்கொண்டே இருக்கும். 77 கிகாஹெர்ட்ஸில் ஒரு அலையின் நீளம் சுமார் 4 மில்லிமீட்டர்தான். பக்கத்து லேனில் இருக்கும் வண்டியின் மீது பட்டு அலை திரும்பி வரும் நேரத்தை வைத்து தூரம் தெரிந்துவிடும். திரும்பி வரும் அலையின் அதிர்வெண் எவ்வளவு மாறியிருக்கிறது என்பதை வைத்து வேகம் தெரிந்துவிடும். ரயில் நம்மை நோக்கி வரும்போது ஹாரன் சத்தம் கீச்சென்றும், தாண்டிப் போன பிறகு கனமாகவும் கேட்குமே, அதே டாப்ளர் விளைவுதான். இருட்டோ மழையோ ரேடாருக்குப் பெரிய பிரச்சினை இல்லை.

எப்போதுமே ரேடார்தான் என்றும் சொல்ல முடியாது. இந்த வசதியை முதலில் கொண்டுவந்தவர்களில் ஒன்றான வோல்வோ, ஆரம்பத்தில் சைடு மிரருக்குக் கீழே வைத்த கேமராவைத்தான் பயன்படுத்தியது. 2005-ல் வந்த ஆடி க்யூ7-ல் ரேடார் இருந்தது. நம் ஊரில் ஹோண்டா சிட்டியில் இடது மிரருக்கு அடியில் ஒரு கேமரா உண்டு. இடது இண்டிகேட்டர் போட்டால் அந்தப் பக்கக் காட்சி திரையில் வரும். கியா செல்டோஸில் இண்டிகேட்டர் போட்டால் ஸ்பீடோமீட்டர் இருக்கும் இடத்தில் வீடியோ தெரியும். இவையெல்லாம் காட்டும், ஆனால் எச்சரிக்காது. பார்த்து முடிவெடுப்பது நீங்கள்தான். கார் வாங்கும்போது 'பிளைண்ட் ஸ்பாட் மானிட்டர்' என்று சொன்னால், அது ரேடாரா, வெறும் கேமராவா என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

நாலு விநாடிக் கணக்கு

இப்ப ஒரு சின்ன கணக்கு போட்டுப் பார்ப்போம். விருதுநகருக்கு முன்னால் தேசிய நெடுஞ்சாலை 44-ல் நீங்கள் 80 கிமீ வேகத்தில் இடது லேனில் போகிறீர்கள். வலது லேனில் ஒரு கார் 110-ல் வருகிறது. வித்தியாசம் 30 கிமீ, அதாவது விநாடிக்கு சுமார் 8 மீட்டர். அந்த கார் 40 மீட்டர் பின்னால் இருந்தால் உங்களை எட்ட ஏறக்குறைய 5 விநாடி ஆகும். நிதானமாக ஒரு லேன் மாறவே மூன்று முதல் ஐந்து விநாடி தேவை. விளிம்பில்தான் தப்பிக்கிறீர்கள்.

இன்னொரு நிலைமை. லாரிக்குப் பின்னால் சிக்கி உங்கள் வேகம் 60-க்கு இறங்கிவிட்டது. பின்னால் ஒருவர் 120-ல் வருகிறார். இப்போது விநாடிக்கு 17 மீட்டர் வீதம் நெருங்குகிறார். பின்பக்க ரேடார்களின் எட்டும் தூரம் மாடலைப் பொறுத்து சுமார் 50 முதல் 80 மீட்டர். 70 மீட்டரில் கண்டுபிடித்தாலும் உங்களுக்குக் கிடைப்பது நாலு விநாடி. அந்த நாலு விநாடியில் விளக்கு எரிய வேண்டும், நீங்கள் பார்க்க வேண்டும், திருப்பிய ஸ்டீயரிங்கை நேராக்க வேண்டும். மெதுவாகப் போய்க்கொண்டே திடீரென வலது லேனுக்கு ஏறுவதுதான் இதில் ஆபத்தான பழக்கம். கருவி இருந்தாலும் இந்தக் கணக்கு மாறாது.

விளக்கு எரியவில்லை என்றால்?

இங்கேதான் கவனம் தேவை. விளக்கு எரிந்தால் நம்புங்கள். எரியவில்லை என்பதால் பக்கத்தில் யாருமில்லை என்று நம்பாதீர்கள். ஏன்?

இந்தக் கருவிகளுக்கென்று ஐ.எஸ்.ஓ. 17387 என்ற சர்வதேசத் தரம் 2008-ல் வந்தது. இவை உங்களோடு ஒரே திசையில், பின்னாலிருந்து நகர்ந்து வரும் வண்டிகளுக்காக வடிவமைக்கப்பட்டவை. சாலையோரத்தில் நிற்கும் லாரி, தடுப்புக் கம்பி போன்றவற்றுக்கெல்லாம் கத்திக்கொண்டே இருந்தால் யாருக்கும் பிடிக்காது என்பதால், நிற்கும் பொருட்களைக் கருவியே வடிகட்டிவிடும். நீங்கள் வேகமாகக் கடந்து செல்லும் வண்டிக்கும் பெரும்பாலும் எச்சரிக்கை வராது. எதிர்த் திசையில் வருபவர்களுக்கு? பின் பம்பரில் இருக்கும் ரேடாரின் பார்வை பின்னால்தான். நான்குவழிச் சாலையில் அடுத்த யூ-டர்ன் தூரம் என்று சாலையோரமாகவே ராங் சைடில் வரும் டிவிஎஸ்-50-ஐ அது முன்கூட்டியே சொல்ல வாய்ப்பில்லை. இடதுபக்கமாக ஓவர்டேக் செய்பவர் நேராக அந்த வண்டி மீதுதான் போய் நிற்பார்.

பைக் விஷயத்தில் இன்னொரு சிக்கலும் உண்டு. லாரி என்பது ரேடாருக்கு ஒரு பெரிய இரும்புச் சுவர். அதன் பக்கத்தில் ஒட்டிப் போகும் பைக்கிலிருந்து திரும்பி வரும் அலை மிகச் சிறியது. இரண்டும் நெருக்கமாக இருந்தால் தனித்தனியாகப் பிரித்து அறிவது கடினம். லாரிக்கும் காருக்கும் நடுவில் புகுந்து வரும் பைக் நம் ஊரில் அபூர்வமான காட்சியா என்ன? 2022-ல் இந்தியச் சாலைகளில் இறந்த 1,68,491 பேரில் சுமார் 45 சதவீதம் பேர் இருசக்கர வாகனத்தில் போனவர்கள். மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் கணக்கு இது.

அதற்காக இந்த விளக்கு வீண் என்று அர்த்தமில்லை. அமெரிக்காவில் 2017-ல் வெளியான ஓர் ஆய்வில், பிளைண்ட் ஸ்பாட் எச்சரிக்கை உள்ள கார்களில் லேன் மாறும்போது நடக்கும் விபத்துகள் 14 சதவீதம் குறைவாக இருந்தன. நல்ல எண்தான். ஆனால் மீதி 86 சதவீதம் அப்படியே இருக்கிறது என்பதையும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

"ஏண்ணே, ஸ்டீயரிங் தானா இழுக்குது?"

புது கார் எடுத்தவர்கள் முதல் வாரத்திலேயே கேட்கும் கேள்வி இது. பெரும்பாலும் பதில் ஒன்றுதான்: இண்டிகேட்டர் போட்டீர்களா?

முன் கண்ணாடியின் உச்சியில், ரியர் வியூ மிரருக்குப் பின்னால் இருக்கும் கேமரா, சாலையின் வெள்ளைக் கோடுகளைப் படிக்கிறது. இண்டிகேட்டர் இல்லாமல் கோட்டை நெருங்கினால், டிரைவர் தூங்கிவிட்டார் என்று கார் நினைக்கிறது. உடனே ஸ்டீயரிங்கை உள்ளே தள்ளுகிறது. இண்டிகேட்டர் போட்டால், 'சரி, தெரிஞ்சுதான் போறார்' என்று விட்டுவிடுகிறது. நமக்கு இண்டிகேட்டர் பின்னால் வருபவருக்கான சைகை. காருக்கு அது நீங்கள் கொடுக்கும் அனுமதி. நெடுஞ்சாலையில் லாரி டிரைவர்கள் வலது இண்டிகேட்டர் போட்டு 'நீ முந்திப் போ' என்று சொல்லும் பழக்கமும் இருக்கிறது. அந்த மொழி எந்த கேமராவுக்கும் புரியாது. சொல்லப்போனால், முன்னால் போகும் லாரி நிஜமாகவே வலதுபக்கம் திரும்பப் போகிறதா என்று பல நேரம் மனிதர்களுக்கே புரிவதில்லை.

கோடு இருந்தால்தான் கேமராவுக்கு வேலை. சாலைக் கோட்டுப் பெயின்ட்டில் கண்ணாடி மணிகளைக் கலப்பது இரவில் ஹெட்லைட் பட்டு மின்னுவதற்காக. விருதுநகர், சாத்தூர் பக்கம் கரிசல் மண். மழை பெய்து வண்டிகள் சேற்றோடு ஏறினால் ஓரக் கோடு கறுத்துவிடும். வேலை நடக்கும் இடங்களில் பழைய கோடும் புதிய கோடும் இரண்டுமே தெரியும். சிவகாசியிலிருந்து சாத்தூருக்கு காலையில் கிளம்பினால் சூரியன் நேரே முகத்தில். கேமராவுக்கும் அப்படித்தான் கண் கூசும். இப்படிப்பட்ட நேரங்களில் மீட்டரில் உள்ள கோட்டுப் படம் பச்சையிலிருந்து சாம்பல் நிறத்துக்கு மாறும். சத்தமில்லாமல் உதவி நின்றுவிட்டது என்று அர்த்தம். பல கார்களில் சுமார் 60 கிமீ வேகத்துக்குக் கீழே இந்த வசதி வேலையே செய்யாது. ஆமத்தூர், திருத்தங்கல் தாண்டி சிவகாசிக்குள் நுழைந்த பிறகு லேன் எது என்று கேமராவிடம் கேட்டுப் பயனில்லை. லோடு ஆட்டோவும் சைக்கிளும் இரண்டு பக்கமும் உரசும் தெருவில் பிளைண்ட் ஸ்பாட் விளக்கு மட்டும் விடாமல் எரிந்துகொண்டிருக்கும்.

அந்தச் சத்தம் தாங்காமல் மொத்தமாக ஆஃப் செய்துவிட்டு, திரும்ப நெடுஞ்சாலைக்கு வரும்போது ஆன் செய்ய மறந்துவிடுபவர்கள் நிறைய. பல மாடல்களில் சத்தத்தை மட்டும் குறைத்துவிட்டு விளக்கை வைத்துக்கொள்ள முடியும். செட்டிங்ஸில் ஒரு தடவை தேடிப் பாருங்கள்.

தானாக லேன் மாறும் கார் இங்கே ஓடுமா?

ஐ.நா.வின் ஸ்டீயரிங் விதி எண் 79, காரே லேன் மாறும் வசதிக்கு ஒரு நிபந்தனை வைக்கிறது. நடந்து செல்பவர்களுக்கும் சைக்கிளுக்கும் அனுமதி இல்லாத, எதிர்த் திசைப் போக்குவரத்தைத் தடுப்பு வைத்துப் பிரித்த சாலையாக இருக்க வேண்டும். என்.எச். 44-ல் நடுவில் தடுப்பு இருக்கிறது. ஆனால் ஆடு மாடு குறுக்கே வரும், பள்ளிக்கூடப் பிள்ளைகள் சாலையைக் கடப்பார்கள். முதல் நிபந்தனையிலேயே அடிபட்டுவிடும்.

லாரி, பஸ்ஸுக்கு என்ன நிலை? பிளைண்ட் ஸ்பாட் எச்சரிக்கை, லேன் விலகல் எச்சரிக்கை உள்ளிட்டவற்றைப் பெரிய பயணிகள் வாகனங்களுக்கும் சரக்கு வாகனங்களுக்கும் கட்டாயமாக்கும் வரைவு விதிகளை மத்திய அரசு 2025-ல் வெளியிட்டது. உயரமான லாரி டிரைவரின் இடது பக்கக் கீழ்ப்பகுதியில் நிற்கும் பைக், கார் டிரைவருக்கு மறைவதைவிட அதிகமாக மறையும். காலண்டர், நோட்டு, தீப்பெட்டி, பட்டாசு என்று இரவு பகலாக லோடு ஏறும் சிவகாசி மாதிரி ஊருக்கு, கார்களைவிட லாரிகளில்தான் இது முதலில் வந்திருக்க வேண்டும்.

வீட்டிலேயே செய்து பார்க்கலாம்

காரை நிறுத்திவிட்டு டிரைவர் சீட்டில் உட்காருங்கள். வீட்டில் ஒருவரைப் பின்னாலிருந்து காரின் பக்கவாட்டில் நடந்து வரச் சொல்லுங்கள். மிரரிலிருந்து அவர் மறையும் இடத்துக்கும், ஜன்னல் வழியாக நேரில் தெரியும் இடத்துக்கும் நடுவில் இருப்பதுதான் உங்கள் பிளைண்ட் ஸ்பாட். நம்மில் பலர் சைடு மிரரில் சொந்த காரின் கதவே பாதி தெரியும்படி வைத்திருக்கிறோம். மிரரை இன்னும் வெளிப்பக்கம் திருப்பி, காரின் உடம்பு மயிரிழை அளவு மட்டும் தெரியும்படி வைத்தால் அந்த மறைவிடம் நன்றாகச் சுருங்கும். இதற்குச் செலவு ஒன்றுமில்லை.

ரேடார் உள்ள காராக இருந்தால் பின் பம்பரின் இரண்டு மூலையையும் சேறில்லாமல் துடைத்து வையுங்கள். அங்கே ஸ்டிக்கர் ஒட்டாதீர்கள், ஸ்டீல் கார்டு மாட்டாதீர்கள். பம்பர் அடிபட்டு டிங்கரிங் பட்டறையில் பட்டி பார்த்து, மேலே மேலே பெயின்ட் ஏற்றினால் ரேடார் அலை சரியாகப் போகாது. முன் கண்ணாடி மாற்றினாலும் கேமராவை மறுபடி அளவீடு செய்ய வேண்டும். வேலை முடித்து வண்டியை எடுக்கும்போது, "ரேடார், கேமரா கேலிப்ரேஷன் பண்ணியாச்சா?" என்று கேட்டு, பில்லில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.