நிகண்டும் தெசாரஸும்: மாற்றுச்சொல்லுக்கு இரு வாயில்கள்

எழுதிய வரியில் ஒரு சொல் பொருந்தாமல் நிற்கிறது. கருத்துக் குன்றாமல் அதன் இடத்தில் வேறொன்றை வைக்க வேண்டும். இந்தத் தேவை வந்தபோது தமிழ்ப் புலவர் நிகண்டை நாடினார். ஆங்கில எழுத்தாளரோ, பீட்டர் மார்க் ரோஜே 1852இல் வெளியிட்ட தெசாரஸை நாடினார். காலத்தாலும் மொழியாலும் விலகி நிற்கும் இவ்விரண்டையும் அருகருகே வைத்தால், வேற்றுமைகளுக்கு நடுவே எதிர்பாராத ஓர் உறவு தென்படுகிறது.

முதல் ஒற்றுமை அடுக்குமுறையில் இருக்கிறது. இரண்டுமே அகரவரிசையை விட்டுப் பொருள்வரிசையைப் பற்றியவை. திவாகரம் என்னும் தமிழ் நிகண்டு சொற்களைப் பன்னிரண்டு தொகுதிகளில் அடக்குகிறது. ரோஜே ஆறு வகுப்புகளில், 1000 தலைப்புகளில் அடக்குகிறார். ஆனால் பயணத் திசை நேர்எதிர். திவாகரம் தெய்வப்பெயரில் தொடங்கி மக்கள், விலங்கு, மரம், இடம் என உலகுக்கு இறங்குகிறது. ரோஜே ‘இருத்தல்’ என்னும் அருவக் கருத்தில் தொடங்கி, வெளி, பருப்பொருள், அறிவு, விருப்பாற்றல் ஆகியவற்றைக் கடந்து உணர்ச்சிகளுக்கு வருகிறார். அவருடைய ஆயிரமாவது தலைப்பு கோயில். ஒன்று புறப்படும் இடத்துக்கு மற்றது கடைசியில் வந்து சேர்கிறது.

இந்த நிகண்டு மரபை ரோஜே அறியாதவரும் அல்லர். வடமொழி நிகண்டான அமரகோசத்தை, ஆங்கில அறிஞர் கோல்புரூக்கின் 1808ஆம் ஆண்டு செராம்பூர்ப் பதிப்பின் வழியாக அவர் அறிந்திருந்தார். அருவக் கருத்துகளைப் பொறுத்தவரை அதன் வகைப்பாடு குழம்பியது என்று தம் நூல் முகப்பில் குறைகூறினார். இயற்கை அறிவியலின் வகைப்பாட்டு முறையைச் சொற்களுக்குக் கொண்டுவந்த மருத்துவரிடம் அத்தகைய கண்டிப்பு இயல்பே. ஆயினும் அந்தக் குறையைத் திவாகரத்தின் மேல் அப்படியே ஏற்ற முடியாது. பண்புக்கும் செயலுக்கும் ஒலிக்கும் அது தனித்தனித் தொகுதி வகுத்திருக்கிறது.

பயன்பாட்டில் இரண்டும் பிரிகின்றன. நிகண்டு செய்யுளுக்குத் துணை; அதனால் செவியின் தேவையை முதலில் நிறைவேற்றுகிறது. தேமா வேண்டிய சீரில் ‘திங்கள்’ அமரும். கூவிளம் வேண்டினால் ‘அம்புலி’ வரும். ‘மந்திரம்’ என்பதற்கு எதுகை தேடினால் ‘சந்திரன்’ கிடைக்கும். நிலவு ஒன்றே, ஓசை வேறு. தெசாரஸ் பெரிதும் உரைநடைக்குத் துணை. அதனால் சிந்தனையின் தேவையை முதலில் நிறைவேற்றுகிறது. எதிர்க்கருத்துகளை இணையிணையாக நிறுத்தி, ‘இருத்தல்’ பக்கத்திலேயே ‘இன்மை’யைக் காட்டுகிறது. சொல்ல வந்ததன் எல்லை எது என்று எழுதுபவர் அங்கே கண்டுகொள்கிறார்.

வியப்பு நூல்களின் பிற்பகுதியில் காத்திருக்கிறது. பொருளிலிருந்து சொல்லுக்குப் போகும் வழியை அமைத்தபின், சொல்லிலிருந்து பொருளுக்குத் திரும்பும் வழியும் வேண்டும் என்று இரண்டும் உணர்ந்திருக்கின்றன. ரோஜே நூலின் இறுதியில் அகரவரிசைச் சொல்லடைவைச் சேர்த்தார். ஒரு சொல்லின் பல பொருள்களும் அங்கே வெவ்வேறு தலைப்பு எண்களோடு நிற்கும். நிகண்டின் பதினோராம் தொகுதி ஒருசொல் பல்பொருளுக்கு உரியது. சூடாமணி நிகண்டு அத்தொகுதியை எதுகைவரிசையில் அடுக்கியது. முன்னது புரட்டும் விரலுக்கு உதவும் அடைவு. பின்னது, திண்ணைப் பள்ளியில் மனப்பாடம் செய்த நினைவுக்கு உதவும் அடைவு.

ஆழமான உறவு இன்னொன்று உண்டு. சொற்களைத் தரும் இரண்டும் அவற்றிடையே உள்ள வேறுபாட்டை விளக்குவதில்லை. வேழம், களிறு, கரி, வாரணம் எல்லாம் நிகண்டு மரபில் யானையே. ஆனால் ‘கன்றை ஈன்ற யானை’யை எழுதுபவர் அங்கே ‘களிறு’ என்று மாற்றினால், ஆண்யானை கன்று ஈன்றதாகிவிடும். தெசாரஸில் ‘ஸ்லிம்’, ‘ஸ்கின்னி’ இரண்டும் மெலிவின்கீழ் அணிவகுக்கும். ஒன்று பாராட்டு, மற்றது குத்தல் என்பதைப் பட்டியல் சொல்லாது.

இந்த மௌனத்தைக் குறையாகக் கொள்ளத் தேவையில்லை. பயன்படுத்துபவர் மொழியில் தோய்ந்தவர் என்ற நம்பிக்கையிலேயே இரு நூல்களும் எழுந்தன. பட்டியலில் கண்ட முதற்சொல்லை எடுத்துப் பொருத்தும் மறுஎழுத்து தோற்பது, அந்த நம்பிக்கைக்கு ஈடு கொடுக்காததால்தான். ஒரு சொல்லை மாற்றுமுன் நிகண்டு கற்பித்தபடி ஓசையைக் கேட்போம். தெசாரஸ் கற்பித்தபடி கருத்தின் எல்லையை அளப்போம். இரண்டு சோதனையிலும் தேறிய சொல்லே வரியில் நிற்கத் தக்கது.