கே.பி.எஸ். உடுத்திய வெள்ளைச் சேலை

நம் வயதுக்காரர்களுக்கு கே.பி.சுந்தராம்பாள் என்றால் கையில் கோலூன்றிய ஔவைப் பாட்டிதான். ஜெமினியின் ‘ஔவையார்’ 1953-இல் வந்தபோது அவருக்கு வயது 45-கூட நிறைந்திருக்குமோ என்னவோ!

1908-இல் கொடுமுடியில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். ரயிலில் பாடிய சிறுமியின் குரலைக் கேட்டு நாடகத்துக்கு வழிகாட்டியவர் ரயில்வே அதிகாரி எப்.ஜி.நடேச ஐயர். பிறகு எஸ்.ஜி.கிட்டப்பாவுடன் மேடையில் ஜோடி. இருவரும் போட்டி போட்டுப் பாடுவதைக் கேட்க ஊரே திரளும். கிட்டப்பா ஏற்கெனவே மணமானவர். ஆனாலும் அவரையே கணவராக வரித்தார். 1933 டிசம்பரில் 27 வயதில் கிட்டப்பா காலமானார். 25 வயதில் வெள்ளைச் சேலை உடுத்தியவர், இனி எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார்.

ஒரு நடிகைக்கு அது பிழைப்பையே விடுவதற்குச் சமம். ஆனால் 1935-இல் நந்தனாராக ஆண் வேடமிட்டார். சம்பளம், அந்நாளில் யாரும் கேட்டிராத ஒரு லட்சம் ரூபாய். பின்னர் மணிமேகலை, ஔவையார், காரைக்கால் அம்மையார். ஒன்றிலும் ஜோடி தேவையில்லை. இளமை வேண்டாமென்று இறைவனிடம் அம்மையார் பேயுருவையும், ஔவை முதுமையையும் கேட்டுப் பெற்றவர்கள். சுந்தராம்பாள் அதைத் தாமாகவே ஏற்றார்.

சட்ட மேலவை உறுப்பினர் பதவியும், 1970-இல் பத்மஸ்ரீயும் அவரைத் தேடி வந்தன. 1980-இல் மறையும்வரை அந்த வெள்ளைச் சேலை மாறவில்லை.